என் குரலில் நான் சொல்லாத வாக்கியம்

இல்லை, யாரும் எனக்குச் சொல்லவில்லை. காட்டிக்கொடுத்தது யார் என்றுதான் நீ திரும்பத் திரும்பக் கேட்டாய். கடைக்கார அண்ணையா, அவருடைய மனைவியா, ஓல்னேயிலிருந்து கதரீன் தொலைபேசி எடுத்தாளா. ஒருவரும் இல்லை. காதால் கேட்டுத்தான் கண்டுபிடித்தேன். முப்பது வருடம் படமும் ஒலியும் வெட்டி ஒட்டத்தான் எனக்குச் சம்பளம் கொடுத்தார்கள். உனக்கு அது மறந்திருக்காது. அம்மாவுக்கு வயதாகிவிட்டது, காது மழுங்கியிருக்கும் என்று நினைத்திருப்பாய்.

நேரில் பேசினால் நீ பிரெஞ்சுக்கு மாறிவிடுவாய். நான் உன் பின்னால் வந்து அந்த மொழியில் தடுக்கி விழுவேன். அதனால் எழுதுகிறேன். உன் தமிழ் வாசிப்பு மெதுவானது என்று தெரியும். மெதுவாகவே வாசி. உன் பெயரை எங்கும் எழுதவில்லை. வேறு யாராவது வாசித்தாலும் எனக்குக் கவலையில்லை. அவர்களுக்கும் மகன்கள் இருப்பார்கள்.

போன வாரம் செவ்வாய்க்கிழமை காலை காரைநகர்ப் பெரியவர் ஒருவர் ஐந்து மாடி ஏறி என் கதவைத் தட்டினார். எபினேயில் இருக்கும் மகளிடம் வந்து நான்கு நாள்தான் ஆகியிருந்தது. லா ஷப்பெல் மெட்ரோவில் இறங்கி, லண்டன் அன்ரி வீடு எது என்று மரக்கறிக் கடையில் விசாரித்துக்கொண்டு வந்திருந்தார். மூச்சு வாங்கி முடியும்வரை பேசவில்லை. பிறகு கோட்டுப் பையிலிருந்து பொலித்தீனில் சுற்றிய ஒரு கசெட்டை எடுத்து நீட்டினார். வசந்தியின் தாய் கொடுத்துவிட்டதாம். "கடையிலை குடுக்க வேண்டாம், தாயின்ர கையிலைதான் குடுக்கோணும் எண்டு சொல்லிவிட்டவ," என்றார். தேநீர் குடித்தார். இந்த ஊரில் மனிதர்கள் ஏன் இத்தனை உயரத்தில் குடியிருக்கிறார்கள் என்று கேட்டுவிட்டுப் போனார்.

வசந்தி யார் என்பது எனக்கு அப்போது தெரியும். இரண்டு மாதத்துக்கு முன் நீதான் சொன்னாய். நீ கல்யாண வீடுகளைப் படம் பிடித்து வெட்டி ஒட்டும் அந்த வீடியோக் கடையின் முதலாளி அண்ணைக்கு அக்கா மகள். அண்ணை பெண்ணின் படத்தை மேசையில் வைத்தார், உன்னால் மறுக்க முடியவில்லை. ஊரில் பெண்ணின் தாய் ஒரு நிபந்தனை வைத்தாள்: பையனின் தாய் தன் வாயால் பேசிய கசெட் ஒன்று வரவேண்டும். பையனுக்கு அங்கே வேறு தொடர்பு எதுவும் இல்லை என்று அவள் சொல்ல வேண்டும். நீ என்னிடம் கேட்டாய். நான் மாட்டேன் என்றேன். ஓல்னேயில் உன் வீட்டில் கதரீன் இருக்கிறாள். உங்கள் மகள், இரண்டரை வயது மினா இருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமைதோறும் அவளை மடியில் வைத்திருக்கும் நான் அந்தப் பொய்யைச் சொல்ல மாட்டேன் என்றேன். "சரியம்மா, விட்டிட்டன்," என்றாய். நான் நம்பினேன். அன்றைக்கு உனக்குப் பிடிக்கும் என்று இறால் கூடச் சமைத்தேன்.

கசெட்டைப் போட்டேன். வசந்தியின் தாயின் குரல். மெலிந்த குரல், ஆனால் சிரிக்கத் தெரிந்த குரல். "அக்கா, உங்கடை குரலைக் கேட்ட பிறகுதான் எனக்கு நித்திரை வந்தது. கடிதம் ஆரும் எழுதலாம். குரலை ஆரும் எழுதேலாதுதானே. நான் பிள்ளையை அனுப்பிறது உங்களை நம்பித்தான். தம்பியை நம்பியில்லை, குறை நினையாதேங்கோ. ஆம்பிளைப் பிள்ளையளை ஆர் நம்புறது." பிறகு, வசந்தியைக் கொழும்புக்கு அனுப்பிவிட்டாள் என்றும், விசாவுக்காக அங்கே ஒரு சொந்தக்காரர் வீட்டில் நிற்கிறாள் என்றும், அந்த வீட்டுத் தொலைபேசி இலக்கம் இது என்றும் சொன்னாள். ஒவ்வோர் எண்ணையும் இரண்டு தடவை சொன்னாள்.

நான் அவளுக்குப் பேசி அனுப்பவில்லை. அப்படியென்றால் அவள் எதைக் கேட்டாள்? கசெட்டைத் திருப்பிப் போட்டேன். இதை மட்டும் நீ யோசிக்கவில்லை. ஊரில் கசெட்டுக்குத் தட்டுப்பாடு. ஒரு பக்கத்தில் நாம் பேசி அனுப்பினால் மறுபக்கத்தில் பேசி அதையே திருப்பி அனுப்புவார்கள். ஊரிலிருக்கும் என் தங்கச்சியும் நானும் வருடக்கணக்காக அப்படித்தான் பேசிக்கொள்கிறோம். நீ யாருக்கும் அப்படிப் பேசி அனுப்பியதில்லை. அனுப்பியது போய்ச் சேர்ந்தால் முடிந்தது என்று நினைத்தாய். அது திரும்பி வரும் என்று உனக்குத் தோன்றவில்லை.

முதல் தடவை கேட்டபோது என் உடம்பு நம்பிவிட்டது. என் குரல். என் இருமல். நான் தங்கச்சி என்று கூப்பிடும் விதம். "மகனுக்கு இஞ்சை வேற ஒருத்தரும் இல்லை." இதை எப்போது சொன்னேன் என்று உண்மையிலேயே யோசித்தேன். நினைவு தவறத் தொடங்கிவிட்டதோ என்று பயந்தேன். நான் பயந்தேன் என்பதை நீ தெரிந்துகொள்ள வேண்டும். ஓர் அரை மணி நேரம் நான் என்னைத்தான் சந்தேகப்பட்டேன், உன்னை இல்லை.

இரண்டாம் தடவை கேட்டபோது ரயில் வந்தது. "மகனுக்கு" என்ற சொல்லின் பின்னால் குளிர்காலம் இருந்தது: மூடிய ஜன்னல், வெப்பக் குழாய் தட்டும் சத்தம். அடுத்த சொல்லின் பின்னால் கோடை: திறந்த ஜன்னல், நம் வீட்டுக்கு எதிரே மேம்பாலத்தில் போகும் மெட்ரோ. அந்த ரயில் தூரத்திலிருந்து வரவில்லை. பாதியில் தொடங்கியது. வந்த சத்தமே இல்லாமல் போய்க்கொண்டிருந்தது. அலமாரியைத் திறந்து, தங்கச்சியிடமிருந்து திரும்பி வந்த பழைய கசெட்டுகளை ஒவ்வொன்றாகப் போட்டுக் கேட்டேன். போன கோடையில் பேசியதில் இருந்தது முழு வாக்கியம். "மகனைத் தவிர எனக்கு இஞ்சை வேற ஒருத்தரும் இல்லை." அதிலிருந்து முன்பாதியை எடுத்துவிட்டு, வேறொரு கசெட்டிலிருந்து ஒரு சொல்லைக் கொண்டுவந்து ஒட்டியிருக்கிறாய். "பிள்ளையை அனுப்பிவையுங்கோ" என்பது தங்கச்சியின் மகளைப் படிக்க அனுப்பச் சொல்லி நான் பேசியது. வசந்தி என்ற பெயர் அந்தப் பக்கத்தில் எங்குமே இல்லை. அந்தத் தாய் அதைக் கவனிக்கவில்லை. கவனிக்கும் மனநிலையில் அவள் இருந்திருக்க மாட்டாள்.

ஒட்டுகளை மறைக்க, அடியில் ஒரு மெல்லிய இரைச்சல் ஓடவிட்டிருந்தாய். குளிர்சாதனப் பெட்டியின் முனகல், படிக்கட்டில் யாரோ இறங்குவது. என் சமையலறையின் மௌனம். அதை நீ எப்போது எடுத்தாய் என்பது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. ஒரு ஞாயிறு மத்தியானம் புது ஒலிப்பதிவுக் கருவியோடு வந்தாய். சோதித்துப் பார்க்க வேண்டும், ஒரு நிமிடம் சத்தம் போடாமல் இருங்கோ அம்மா என்றாய். எந்த அறைக்கும் அதற்கென்று ஒரு மௌனம் உண்டு, பேச்சை வெட்டினால் அந்த இடத்தை அதைக்கொண்டுதான் நிரப்ப வேண்டும் என்று உனக்குச் சொல்லித்தந்தவள் நான். மகன் என் தொழிலைப் பிடித்துக்கொண்டானே என்று பெருமையாக இருந்தது. கைகளை மடியில் வைத்துக்கொண்டு, மூச்சைக்கூட மெதுவாக விட்டு, உனக்காக ஒரு நிமிடம் அசையாமல் உட்கார்ந்திருந்தேன்.

அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. நீ சொன்ன பொய்யைவிட, அந்த ஒரு நிமிடத்தை.

நான் இந்த வேலைக்கு வந்த கதையைத் துண்டு துண்டாகச் சொல்லியிருக்கிறேன். சிரிக்கக்கூடிய துண்டுகளை மட்டும். உலகப்போர் முடிந்து ஐந்தாறு வருடம் இருக்கும். சட்டம் படிக்க லண்டனுக்குப் போன அண்ணாவுக்குச் சமைத்துப் போடப் பத்தொன்பது வயதில் என்னைக் கப்பலேற்றினார்கள். சமைக்க ஒன்றும் இல்லை. சீனிக்கும் இறைச்சிக்கும் பங்கீட்டு அட்டை. பகல் முழுவதும் அறையில் தனியாக இருந்தேன். நுணுக்கமான கைவேலைக்குப் பெண்கள் தேவை என்று ஒரு விளம்பரம் பார்த்துப் போனேன். தையல் வேலை என்று நினைத்தேன். நகரத்துக்கு மேற்கே ஒரு சிறிய படப்பிடிப்பு நிலையம் அது. ஃபிலிம் ஓரத்தில் எண் குத்துவதும், அறுந்ததை ஒட்டுவதும் என் வேலை. ஒட்டும் திரவத்தில் மலிவான இனிப்பின் வாசனை. குளிரில் அடுப்பு வைக்க அனுமதி இல்லை. அந்தக் காலத்து ஃபிலிம் ஒரு பொறி பட்டால் போதும், அறையோடு எரியும். சேலைக்கு மேல் அண்ணாவின் கோட்டைப் போட்டுக்கொண்டு, வெள்ளைக் கையுறையோடு நின்றேன்.

அந்த அறை மிஸ் பிரையருடையது. அவருடைய பெயர் இன்று எந்தப் புத்தகத்திலும் இல்லை. பொம்பிடூ நூலகத்தில் ஒரு நாள் முழுவதும் தேடியிருக்கிறேன். போரில் ஆண்கள் போனபோது அவருக்கு எடிட்டர் நாற்காலி கிடைத்தது. அவர்கள் திரும்பி வந்ததும் நாற்காலி சிறியதாகிவிட்டது. பெரிய படத்துக்கு முன்னால் ஓட்டும் ஒரு மணி நேரத் துப்பறியும் படங்கள், நிலக்கரி, மீன்பிடி, முட்டை பற்றிய குறும்படங்கள். அவற்றைப் பெரிய படங்கள் போலவே வெட்டினார். வெட்டியதை உடனே எறிய விடமாட்டார். துணி கட்டிய தொட்டியின் மேல் ஊசிகளில் எல்லாத் துண்டுகளும் மாலைவரை தொங்க வேண்டும். இரண்டு வருடத்தில் என்னை உதவியாளராக்கினார். மத்தியானம் தன் சாண்ட்விச்சில் பாதியைத் தருவார், நான் மிளகாய்த்தூள் தூவிய முட்டையில் பாதியைக் கொடுப்பேன். கண்ணீர் வழியச் சாப்பிடுவார். வேண்டாம் என்று ஒருநாளும் சொன்னதில்லை.

அப்போதுதான் தேயிலைப் படம் வந்தது. சினிமாக் கொட்டகைகளில் போட ஏதோ ஒரு கம்பெனிக்காக எடுத்த பத்து நிமிடப் படம். மலைநாட்டில் கொழுந்து பறிக்கும் ஒரு பெண் கமராவைப் பார்த்துத் தமிழில் பேசுகிறாள். அந்த நிலையத்தில் தமிழ் தெரிந்த ஒரே ஆள் நான். குறிப்புத் தாளில் அவளுக்குப் பெயர் இல்லை. தேயிலைப் பெண், இரண்டு என்று எழுதியிருந்தது. அவள் சொன்னது இது: "எங்களுக்கு ஒரு கொறையும் இல்லைன்னு சொல்லச் சொன்னாங்க. சொல்லிட்டேன். போகட்டுமா?"

தயாரிப்பாளர் என்னிடம் கேட்டார், அவள் என்ன சொல்கிறாள் என்று. அவருக்கு என்ன தேவை என்று எனக்குத் தெரிந்தது. குறை இல்லை என்கிறாள் என்றேன். அது எவ்வளவு இனிமையாக இருக்கிறது, வைத்துக்கொள் என்றார். ஒலியை நானே வெட்டினேன். "இல்லை" என்ற இடத்தில், சொல்லின் வால் தெரியாமல், ஃபிலிம் ஓரத்துத் துளைகளை எண்ணி வெட்டினேன். படத்தில் அவளுடைய வாய் இன்னும் திறந்திருந்தது. அதை மூடுவதற்காகக் கொழுந்து கிள்ளும் கைகளின் காட்சியை அங்கே வைத்தேன். சுத்தமான வேலை. அதுவரை நான் செய்த வேலைகளில் அதுதான் சிறந்தது. பெருமையோடு மிஸ் பிரையருக்கு ஓட்டிக் காட்டினேன்.

மூன்று தடவை ஓட்டினார். பிறகு, கைகளுக்கு ஏன் போனாய் என்று கேட்டார். அழகாக இருக்கிறது என்றேன். அவள் அவ்வளவுதான் சொன்னாளா என்று கேட்டார். ஆமாம் என்றேன். அவருக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை, ஆனால் நான் எதையோ மறைக்கத்தான் அந்தக் கைகளை வைத்தேன் என்று விளங்கிவிட்டது. என் முகத்தைப் பார்த்தார். அன்று மத்தியானம் அவருக்குப் பசிக்கவில்லை. படம் முடிந்ததும் எனக்கு ஒரு நற்சான்றுக் கடிதம் எழுதித் தந்து, பக்கத்துக் கட்டடத்தில் எடிட்டராக அனுப்பிவைத்தார். நல்ல கடிதம். அதற்குப் பிறகு வழியில் கண்டால் வானிலை பற்றிப் பேசுவார். அவ்வளவுதான். அவர் என்னைத் தண்டிக்கவில்லை என்று நெடுநாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த வெட்டில்தான் என் நாற்காலி வந்தது. ஏழு துப்பறியும் படங்கள். அவற்றில் நான்கில் என் பெயர் திரையில் வந்தது, ஒன்றில் பிழையாக. பிறகு வீட்டுக்கு வீடு தொலைக்காட்சி வந்தது, சிறிய படங்களை யாரும் கேட்கவில்லை. நிலையத்தைப் பூட்டினார்கள். உனக்கு மூன்று வயது. உன் அப்பா கொழும்புக்குப் போனவர் திரும்பவில்லை. இரண்டு நாடுகள் சேர்ந்து எடுத்த ஒரு படத்தின் பெட்டிகளோடு இங்கே எபினேயிலிருந்த, ஃபிலிம் கழுவும் ஒரு லாப்புக்கு வந்தேன். ஆறு வாரம் என்று சொன்னார்கள். நெகட்டிவ் வெட்டும் மேசையில் இருபது வருடம் இருந்தேன். மற்றவர்கள் எங்கே வெட்டச் சொல்லிக் குறித்தார்களோ அங்கே வெட்டும் வேலை. அந்த வேலை எனக்கு நிம்மதியாக இருந்தது. ஏன் என்று அப்போது கேட்டுக்கொள்ளவில்லை.

நீ பன்னிரண்டு வயதில் அந்த லாப்பின் பின்வாசலில் எனக்காகக் காத்திருப்பாய். ஒரு நாள் திரும்பி வரும் ரயிலில் அந்தத் தேயிலைப் பெண்ணின் கதையைச் சொன்னேன். சிரித்துக்கொண்டு சொன்னேன். அவளைப்போல் பேசிக் காட்டினேன். எங்கே வெட்டினேன் என்று உன் கையைப் பிடித்து விரலால் கோடு போட்டுக் காட்டினேன். நீ திரும்பச் சொல்லச் சொன்னாய். ஒருத்தருமே கண்டுபிடிக்கவில்லையா என்று கேட்டாய். ஒருத்தருமே இல்லை என்றேன். மிஸ் பிரையரை நான் உனக்குச் சொல்லவில்லை. கதையிலிருந்து அவரையும் வெட்டியிருந்தேன்.

எண்பத்துமூன்றுக் கலவரத்துக்குப் பிறகு இந்தத் தெருக்களில் தமிழ் கேட்கத் தொடங்கியது. எத்தனையோ வருடம் நாம் இரண்டு பேர் மட்டும், அதுவும் வீட்டுக்குள் மட்டும் பேசிய மொழியில் யாரோ சாலையில் சண்டை பிடித்தார்கள். நான் ஜன்னலைத் திறந்து வைத்துக் கேட்டுக்கொண்டிருந்தேன். உனக்கு அது சுலபமாக இல்லை. உன் தமிழைக் கேட்டுக் கடையில் சிரித்தார்கள், வெள்ளைக்காரத் தம்பி என்றார்கள். நீ அவர்களில் ஒருவனாக ஆகத் துடித்தாய். அண்ணை தன் அக்கா மகளைத் தருகிறேன் என்றபோது உனக்கு அது ஒரு பெண்ணாகத் தெரியவில்லை, உள்ளே வரச் சொல்லும் ஒரு கதவாகத் தெரிந்தது. இதை நான் புரிந்துகொள்கிறேன். புரிந்துகொள்வதால் கோபம் குறையவில்லை.

சனிக்கிழமை உன்னைக் கூப்பிட்டுக் கசெட்டை மேசையில் வைத்தேன். ஆர் சொன்னது என்றுதான் முதலில் கேட்டாய். நீ செய்தாயா என்று நான் கேட்டதற்கு அது பதில். பிறகு, "ஒரு வசனம்தானே அம்மா," என்றாய். பிறகு அங்கே குண்டு விழுகிறது, அவள் இங்கே வந்து சேர்ந்தால் போதும், நான் அவளைக் காப்பாற்றுகிறேன் என்றாய். அதில் பாதி உண்மை இருந்தது. நீ என்னிடமிருந்துதான் கற்றுக்கொண்டாய். பொய்யை உண்மையான துண்டுகளால்தான் செய்ய வேண்டும்.

கதரீனுக்கு என்ன சொல்வாய் என்று கேட்டேன்.

"அவவுக்குத் தமிழ் விளங்காது," என்றாய்.

நான் கையை ஓங்கினேன். உன்னை நான் ஒருநாளும் அடித்ததில்லை, அன்றும் அடிக்கவில்லை. நீ பின்வாங்கவும் இல்லை. நின்றபடியே கேட்டாய்: "நீங்கள் செய்யேல்லையோ? அந்தத் தேயிலை மனிசிக்கு? நீங்கள் செய்தால் வேலை, நான் செய்தால் களவோ?"

கதவைச் சாத்திக்கொண்டு போனாய். நான்கு நாளாக அந்தக் கேள்வியோடு இருக்கிறேன். பதில் இதுதான். நான் செய்ததும் களவு. அதைச் சிரிப்பாக்கி உன் கையில் கொடுத்தது அதைவிடப் பெரிய பிழை. நீ என்னிடம் ஏதாவது கணக்குத் தீர்க்க வேண்டுமென்றால் அதைத் தீர்க்கலாம். ஆனால் அந்தத் தேயிலைப் பெண்ணுக்கு நான் யாரும் இல்லை. பெயர் தெரியாத ஒருத்தி என்று நினைத்துத்தான் வெட்டினேன். நீ என்னை வெட்டினாய். என் சொல்லை நம்பி ஒரு தாய் பிள்ளையை வீட்டைவிட்டு அனுப்புவாள் என்று தெரிந்தே வெட்டினாய். உன்னைத் தவிர ஒருவரும் இல்லை என்று நான் தனிமையில் சொன்ன ஒரு வாக்கியத்தில், உன்னைத் தவிர என்ற இடத்தில் கத்தியை வைத்தாய். உனக்குப் புத்தி சொல்லும் இடத்தில் இப்போது நான் இல்லை. ஒன்று மட்டும் சொல்கிறேன். கதரீனிடம் நான் பேச மாட்டேன். அது உன் வேலை. வருகிற ஞாயிறு நான் ஓல்னேக்கு வருவேன். அதற்குள் அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும், அவளுக்கு விளங்கும் மொழியில்.

வசந்தியிடம் நான் பேசிவிட்டேன். லூயி பிளாங் தெருவில் தொலைபேசிக் கடைகள் இருக்கின்றன, ஆனால் அங்கே சுவருக்கும் காது உண்டு. அண்ணையின் கடையும் அங்கேதான். அதனால் நேற்றுக் காலை தபாலகத்துக்குப் போனேன். ஒரு மணி நேரத்துக்குப் பிறகு இணைப்புக் கிடைத்தது. நான் யார் என்று சொன்னதும் யாரோ அவளைக் கூப்பிட்டார்கள். செருப்புச் சத்தம் கேட்டது. "சொல்லுங்கோ மாமி," என்றாள். என்னை அவள் மாமி என்று கூப்பிடுவாள் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

கசெட்டில் இருப்பது என் குரல், ஆனால் நான் அதைப் பேசவில்லை என்றேன். எப்படிச் செய்தது என்று சொன்னேன். கதரீனைச் சொன்னேன், மினாவைச் சொன்னேன். கம்பியில் வெறும் இரைச்சல். பிறகு அவள் கேட்டாள்:

"அப்ப இதுவும் வெட்டி ஒட்டினதில்லை எண்டு நான் எப்பிடி நம்புறது?"

என் குரலுக்கு நீ செய்தது என்ன என்று அப்போதுதான் முழுதாக விளங்கியது.

"ஏதாவது கேள் பிள்ளை," என்றேன். "கேக்கிறதுக்குப் பதில் சொல்லுறன். பதிலை முன்கூட்டி ஒட்டி வைக்கேலாது."

அவள் யோசித்தாள். நான் சிகரெட் விளம்பரம் ஒட்டிய அந்தத் தொலைபேசிப் பெட்டிக்குள் நின்று காத்திருந்தேன். மினா யாரைப்போல் இருக்கிறாள் என்று கேட்டாள். மூக்கு தாயுடையது, கோபம் வந்தால் முகம் என் மகனுடையது என்றேன். ஊரில் தன் அம்மா இதைத் தாங்குவாளா என்று கேட்டாள். தெரியாது, ஆனால் நானே இன்னொரு கசெட்டில் பேசி அனுப்புகிறேன் என்றேன். உங்கள் மகன் என்னைப்பற்றி என்ன சொல்கிறார் என்று கேட்டாள். உன்னைக் காப்பாற்றுவதாகச் சொல்கிறான் என்றேன். அவள் சிரித்தாள். சந்தோஷமான சிரிப்பில்லை, ஆனால் பயந்த சிரிப்பும் இல்லை. அவளுடைய தாயின் சிரிப்பு.

"நான் திரும்பி ஊருக்குப் போகேலாது மாமி. பாதை இப்ப சரியில்லை. இஞ்சையும் கனநாள் நிக்கேலாது, அவையும் எத்தினை நாளைக்கு வைச்சிருப்பினம்."

அப்போது அவளிடம் சொன்னேன், என்னிடம் வா என்று. கல்யாணத்துக்கு இல்லை. என் வீட்டில் இரண்டு அறை இருக்கிறது. இங்கே வந்து உன் பாட்டில் தஞ்சம் கேட்டு விண்ணப்பித்துக்கொள். என் மகன் உன் கண்ணில் பட வேண்டுமா வேண்டாமா என்று நீ சொல்வதுதான். நீ வேண்டாம் என்றால் அவன் என் படி ஏற மாட்டான் என்றேன். இதை உனக்கு எழுதும்போது இரண்டு தடவை அடித்து எழுதினேன். அவளிடம் ஒரே மூச்சில் சொன்னேன்.

அவள் ஓம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. "ஒருக்கா ஏமாந்தாச்சு. யோசிச்சுத்தான் சொல்லுவன்," என்றாள். நல்லது என்றேன். எவ்வளவு வேண்டுமானாலும் யோசி என்றேன். அவள் வராமலும் போகலாம். வேறு யாருடைய வார்த்தையையாவது நம்பி வேறு எங்காவது போகலாம். என்னை நம்பச் சொல்ல எனக்கு இப்போது எந்த உரிமையும் இல்லை.

இன்று காலை வீட்டு ஒப்பந்தம், மின்சாரச் சிட்டை, கடவுச்சீட்டு எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு நகரசபை அலுவலகத்துக்குப் போனேன். அவள் ஓம் என்றால் விசாவுக்குத் தேவைப்படும் என்று, வெளிநாட்டிலிருந்து வருபவரை வீட்டில் வைத்துக்கொள்வதற்கான சான்றுப் பத்திரம் கேட்டேன். வசந்தியின் முழுப் பெயரை எழுத்தெழுத்தாகச் சொன்னேன். வருபவர் உங்களுக்கு என்ன உறவு என்று எழுத்தர் கேட்டாள். அந்த இடத்தில் ஒரு கோடு போடச் சொல்லிவிட்டு, கீழே கையெழுத்துப் போட்டேன்.